உடலுக்கு அரசன் யார்?

உபநிடதங்களில் ஒரு கதை உண்டு. வாக்கு, கண், காது, மனம், பிராணன் ஆகிய இவற்றுள் பெரியவர் எவர் என்று ஒரு வழக்கு எழுந்தது. ஒவ்வொன்றும் ஓராண்டுக் காலம் உடலை விட்டு நீங்கியிருந்து பார்ப்பது என்று முடிவாயிற்று. வாக்கு நீங்கியது; உடல் ஊமையாய் வாழ்ந்தது. கண் நீங்கியது; குருடாய் வாழ்ந்தது. காதும் மனமும் நீங்கியபோதும் எவ்வாறோ வாழ்ந்தது. இறுதியில் பிராணன் புறப்பட எழுந்ததும், கட்டிய முளைகளைப் பிடுங்கிக்கொண்டு ஓடும் குதிரையைப் போல, மற்ற எல்லாவற்றையும் தன்னோடு இழுக்கத் தொடங்கிற்று. ஏனையவை அஞ்சிப் பணிந்து, பிராணனே தலைவன் என்று ஒப்புக்கொண்டன.

உரோமாபுரியிலும் இதற்கு இணையான ஒரு கதை வழங்கிற்று. கி.மு. 494-இல் அந்நகரின் பொதுமக்கள் பெருங்குடியினரோடு பிணங்கி வெளியேறியபோது, மெனீனியஸ் அக்ரிப்பா என்பவர் அவர்களிடம் சென்றார். வயிற்றுக்கு உணவளிக்க மறுத்த கைகளும் வாயும் பற்களும் தாமே மெலிந்து சோர்ந்த கதையைச் சொல்லி, அவர்களைத் திரும்ப அழைத்து வந்தார் என்று வரலாற்றாசிரியர் லிவி எழுதுகிறார்.

ஒரு கதையில் தலைமை பிராணனுக்கு, மற்றொன்றில் வயிற்றுக்கு. உடல் ஒரு நாடு என்பதை இரு கதைகளும் ஒப்புக்கொள்கின்றன. ஆயின், அந்நாட்டுக்கு அரசன் யார் என்ற வினாவை மனிதன் எளிதில் விட்டுவிடவில்லை. இவ்வினாவுக்கு விடை தேடிய கதையே உடலியலின் வரலாறு எனலாம். கிடைத்த விடையும் வெறும் ஏட்டறிவாக நின்றுவிடவில்லை. 1971-ஆம் ஆண்டில், நம் நாட்டின் கிழக்கெல்லையில், சாவின் வாயிலில் கிடந்த ஆயிரக்கணக்கான மக்களை அது மீட்டது. அது எவ்வாறு என்பதையே இப்பேச்சில் காண்போம்.

கிரேக்க அறிஞர் அரிஸ்டாட்டில் இருதயத்துக்கே முடிசூட்டினார். அறிவும் உணர்ச்சியும் அங்கே உறைவதாகவும், மூளை வெப்பத்தைத் தணிக்கும் உறுப்பே என்றும் அவர் கருதினார். கி.பி. இரண்டாம் நூற்றாண்டில் வாழ்ந்த கேலன் வேறு விதமாகச் சொன்னார். பெர்கமம் நகரில் வாட்போர் வீரர்களின் காயங்களுக்கு மருத்துவம் செய்தவர் அவர். ஆதலால் உடலின் உள்ளமைப்பை ஓரளவு நேரிற்கண்டவர். உண்ட உணவைக் கல்லீரல் குருதியாக மாற்றுகிறது; அக்குருதி நாளங்களின் வழியே உடலெங்கும் சென்று, வயலில் பாய்ந்த நீர் மண்ணில் சுவறிப்போவது போலச் செலவாகிவிடுகிறது; அதில் ஒரு பகுதி இருதயத்தின் நடுச்சுவரிலுள்ள நுண்துளைகளின் வழியே வலப்புறத்திலிருந்து இடப்புறம் கசிகிறது. இதுவே கேலனின் கொள்கை. ஐரோப்பாவும் அரபு நாடுகளும் ஆயிரத்து முந்நூறு ஆண்டுகளுக்கு மேலாக இதையே மருத்துவ வேதமாகக் கொண்டிருந்தன.

இக்கொள்கையை மறுத்த முதற்குரல் கெய்ரோவில் எழுந்தது. திமிஷ்கு நகரிற் பயின்று கெய்ரோவில் மருத்துவராக விளங்கிய இப்னு அல்-நஃபீஸ், 1242-இல் எழுதிய ஓர் உரையில், இருதயத்தின் நடுச்சுவரில் துளை ஏதும் இல்லை என்றும், குருதி நுரையீரலின் வழியாகவே வலத்திலிருந்து இடத்துக்கு வந்தாக வேண்டும் என்றும் எழுதினார். அந்த உரை நெடுங்காலம் மறந்து கிடந்தது. 1924-இல் பெர்லின் நூலகத்துக் கையெழுத்துப் படிகளிடையே அது மீண்டும் கண்டெடுக்கப்பட்டது.

கேலனின் கொள்கையை வீழ்த்தியது ஓர் எளிய கணக்கு. அதைப் போட்டவர் ஆங்கில மருத்துவர் வில்லியம் ஹார்வி. இத்தாலியில் பதுவா பல்கலைக்கழகத்தில் பயின்றபோது, அவருடைய ஆசிரியர் ஃபாப்ரிசியஸ், சிரைகளின் உள்ளே சிறு கதவுகள் போன்ற தடுக்கிதழ்கள் உண்டு என்று காட்டியிருந்தார். அக்கதவுகள் எல்லாம் இருதயத்தின் பக்கமாகவே திறப்பதைக் கண்டு ஹார்வி சிந்தித்தார். ஒரு துடிப்பில் இருதயம் அரை அவுன்சு குருதியே வெளியேற்றுவதாக, மிகக் குறைத்தே கொள்வோம். அரை மணி நேரத்தில் அது ஆயிரம் முறைக்கு மேல் துடிக்கிறது. அப்படியானால் 500 அவுன்சு, அதாவது ஏறத்தாழ 14 லிட்டர், வெளியேறியாக வேண்டும். மனித உடலில் உள்ள குருதி முழுவதுமே ஐந்து லிட்டர் அளவுதான். உண்ணும் உணவிலிருந்து அரை மணிக்குள் இவ்வளவு குருதி எவ்வாறு புதிதாக உண்டாகும்? ஆதலால் சென்ற குருதியே மீண்டும் வருகிறது. அது வட்டமாகச் சுற்றுகிறது.

1628-இல் ஃபிராங்க்ஃபர்ட் நகரில் 72 பக்கங்களே கொண்ட சிறு நூலாக ஹார்வி இதை வெளியிட்டார். அதை மன்னர் முதலாம் சார்லசுக்குக் காணிக்கையாக்கினார். உடலுக்கு இருதயம் எவ்வாறோ, நாட்டுக்கு மன்னர் அவ்வாறு என்பது காணிக்கையுரையின் கருத்து. ஆக, கல்லீரல் அரியணையினின்று இறங்கிற்று. இருதயம் மீண்டும் முடிசூடிக்கொண்டது. 1649-இல் அந்த மன்னரின் தலையை அவருடைய குடிமக்களே கொய்தனர் என்பது வரலாற்றின் விந்தை. இருதயத்தின் முடியாட்சியும் நெடுநாள் நிலைக்கவில்லை.

ஹார்வியின் வட்டத்தில் ஓர் இடைவெளி இருந்தது. தமனிகளின் முனையிலிருந்து சிரைகளின் தொடக்கத்துக்குக் குருதி எவ்வழியே செல்கிறது என்பதை அவர் காணாமலே 1657-இல் மறைந்தார். நான்கு ஆண்டுகள் கழித்து, 1661-இல், பொலோனா நகரத்து மால்பீகி, தவளையின் நுரையீரலை உருப்பெருக்கியின் கீழ் வைத்து நோக்கியபோது, மயிரிழையினும் மெல்லிய நுண்குழாய்களின் வலைப்பின்னலைக் கண்டார். வட்டம் முழுமை பெற்றது.

குருதி சுற்றுகிறது, சரி. எதன்பொருட்டுச் சுற்றுகிறது? விடையின் ஒரு பகுதியைப் பிரெஞ்சு வேதியியலார் லவாய்சியர் அளித்தார். 1782-83 குளிர்காலத்தில் அவரும் கணித மேதை லாப்லாசும் ஒரு சீமைப்பெருச்சாளியைப் பனிக்கட்டி சூழ்ந்த கலத்தினுள் வைத்தனர். அதன் உடல்வெப்பத்தால் எவ்வளவு பனிக்கட்டி உருகிற்று, அது வெளிவிட்ட கரியமில வாயு எவ்வளவு என்று அளந்தனர். கரி எரியும்போது உண்டாகும் வெப்பத்தோடு அதை ஒப்பிட்டபோது, இரண்டும் ஏறத்தாழ ஒத்திருந்தன. சுவாசம் என்பது மெல்ல எரியும் நெருப்பே என்று அவர்கள் முடிவு செய்தனர். மனிதன் உழைக்கும்போதும் உண்ட பின்பும் கூடுதலான ஆக்சிஜனைச் செலவிடுகிறான் என்பதையும் லவாய்சியர் பின்னர்க் காட்டினார். அந்நெருப்பு நுரையீரலில் எரிவதாக அவர் எண்ணினார். அது ஒவ்வொரு திசுவிலும் எரிகிறது என்பது 19-ஆம் நூற்றாண்டில் தெளிவாயிற்று. இருதயம் உந்துகிறது, நுரையீரல் காற்றை ஊட்டுகிறது, குடல் விறகைத் தருகிறது, குருதி இவற்றையெல்லாம் சுமந்து செல்கிறது. அரசன் என்று கருதப்பட்ட உறுப்பு, சுமைதூக்கும் தொழிலாளியாகக் காட்சியளித்தது.

பழைய அரசனாகிய கல்லீரலும் புதிய வேடத்தில் திரும்பி வந்தது. பாரிசில் குளோத் பெர்னார் என்னும் உடலியலார், இறைச்சி மட்டுமே உண்ட நாயின் கல்லீரலிலிருந்து வெளிவரும் குருதியில் சர்க்கரை இருப்பதை 1848-இல் கண்டார். உணவில் இல்லாத சர்க்கரை எங்கிருந்து வந்தது? வெட்டி எடுத்த கல்லீரலினுள் நீரைச் செலுத்தி, சர்க்கரை முற்றும் நீங்குமளவு கழுவி வைத்தார். மறுநாள் பார்த்தபோது அதில் மீண்டும் சர்க்கரை இருந்தது. கல்லீரல் சர்க்கரையைக் கிளைக்கோஜன் என்னும் வடிவில் சேமித்து வைத்து, வேண்டும்போது குருதிக்கு வழங்குகிறது என்பதை 1857-இல் அவர் உறுதிப்படுத்தினார். நல்ல விளைச்சலின்போது நெல்லைச் சேர்த்துவைத்து, பஞ்சத்தின்போது அளந்து கொடுக்கும் களஞ்சியம் போன்றது அது.

பெர்னாரின் பெருங்கொடை இதனினும் ஆழ்ந்த ஒரு கருத்தாகும். நாம் வாழ்வது வெளியுலகில் என்று எண்ணுகிறோம். ஆனால் நம் உடலின் உயிரணுக்கள் வெளியுலகைக் காண்பதே இல்லை. அவை குருதியும் திசுநீருமாகிய ஓர் உட்கடலில் மூழ்கி வாழ்கின்றன. வெளியே கோடையாயினும் குளிராயினும், விருந்தாயினும் பட்டினியாயினும், அந்த உட்கடலின் உப்பு, சர்க்கரை, வெப்பம் ஆகியவை பெரிதும் மாறாதிருக்க வேண்டும். அந்த மாறாமையே உயிரின் சுதந்திரத்துக்கு அடிப்படை என்று பெர்னார் கண்டார். எல்லா உறுப்புகளும் உழைப்பது அந்த ஒரே நோக்கத்துக்காக என்பது அவர் கொள்கை.

ஆயினும், ஓர் உறுப்பின் தேவையை மற்றோர் உறுப்பு எவ்வாறு அறிகிறது? நரம்புகளின் வாயிலாக என்பதே 19-ஆம் நூற்றாண்டின் இறுதியில் நிலவிய உறுதியான நம்பிக்கை. செரிமானச் சுரப்புகளை நரம்புகள் ஆள்வதைத் தம் சோதனைகளால் விளக்கிய இரஷ்ய அறிஞர் பாவ்லோவ் 1904-இல் நோபல் பரிசு பெற்றார். மூளையும் நரம்பும் புதிய அரசராகத் தோன்றின.

இந்த முடியையும் 1902 ஜனவரி 16 அன்று இலண்டனில் நடந்த ஒரு சோதனை அசைத்தது. பேலிஸ், ஸ்டார்லிங் என்னும் மைத்துனர்கள் இருவரும், மயக்கமருந்து கொடுத்த நாயின் சிறுகுடலில் ஒரு பகுதிக்குச் செல்லும் நரம்புகள் அனைத்தையும் துண்டித்தனர். பிறகு, இரைப்பையிலிருந்து வரும் புளிப்பைப் போன்ற மெல்லிய அமிலத்தை அப்பகுதியினுள் ஊற்றினர். செய்தி சொல்ல நரம்பு இல்லை. எனினும் சில நிமிடங்களில் கணையம் சுரக்கத் தொடங்கிற்று. குடலின் உட்படலத்தைச் சுரண்டி, அமிலத்தோடு அரைத்து வடித்து, அச்சாற்றைக் குருதியினுள் ஏற்றியபோதும் கணையம் சுரந்தது. குடல் தானே ஒரு பொருளை உண்டாக்கிக் குருதி வழியே தூதனுப்புகிறது என்பது வெளிப்பட்டது.

இத்தகைய தூதுப்பொருள்களுக்கு 1905-இல் ஸ்டார்லிங் 'ஹார்மோன்' என்று பெயரிட்டார். இயக்கு, தூண்டு எனப் பொருள்படும் கிரேக்கச் சொல்லின் வழி வந்த பெயர் இது. தமிழில் இதனை 'இயக்குநீர்' என்று வழங்குகிறோம். மொழிபெயர்ப்பைத் தொழிலாகக் கொண்ட நமக்கு இச்சொல்லைக் காணுந்தோறும் ஒரு மகிழ்ச்சி. மூலத்தின் பொருள் சிதையாமல் வந்தமைந்த சொல் இது.

குடல் கணையத்தின் தலைவனன்று. கணையம் குடலின் அடிமையன்று. ஒன்றின் தேவையை மற்றொன்று உணர்கிறது, அவ்வளவே. இக்கருத்தை முழுமையாக்கியவர் அமெரிக்காவின் ஹார்வர்டு பல்கலைக்கழகத்து உடலியலார் வால்டர் கானன். 1926-இல் இதற்கு அவர் 'ஹோமியோஸ்டாசிஸ்' என்று பெயர் சூட்டினார். அகச் சமநிலை என்று நாம் கூறலாம். 1932-இல் அவர் வெளியிட்ட நூலின் பெயர் 'உடலின் ஞானம்' என்று பொருள்படும். 1923-இல் ஹார்வியின் நினைவாக நிகழ்த்திய சொற்பொழிவுக்கு ஸ்டார்லிங் இட்ட தலைப்பு அது. கானன் அதையே எடுத்துக்கொண்டார்.

இதை நம் அன்றாட வாழ்விலேயே காணலாம். ஊருக்குப் புறப்படும் நாளில், கையில் பெட்டியும் தோளில் குழந்தையுமாக, நகரத் தொடங்கிவிட்ட ரயிலை நோக்கி ஓடாதவர் நம்மில் யார்? அந்த ஒரு நிமிடத்தில் உடலினுள் நடப்பது என்ன? சிறுநீரகத்தின் மேலமர்ந்த சிறு சுரப்பி அட்ரினலின் என்னும் இயக்குநீரைக் குருதியிற் கலக்கிறது. கல்லீரல் தன் களஞ்சியத்தைத் திறந்து சர்க்கரையை வழங்குகிறது. ஓய்வில் நிமிடத்துக்கு ஐந்து லிட்டர் குருதியை உந்தும் இருதயம், கடும் உழைப்பின்போது இருபது லிட்டர் வரை உந்தவல்லது. குடலுக்குச் செல்லும் குழாய்கள் சுருங்கி, தம் பங்கைக் கால்களின் தசைக்கு விட்டுக்கொடுக்கின்றன. மூச்சு விரைந்து கரியமில வாயுவை வெளியேற்றுகிறது. தோல் வியர்த்து உடலைக் குளிர்விக்கிறது. இவையனைத்தையும் நாம் திட்டமிடவில்லை. வண்டியில் ஏறி அமர்ந்த சிறிது நேரத்தில் எல்லாம் தத்தம் நிலைக்குத் திரும்பிவிடுகின்றன.

இது நலமுள்ள உடலின் காட்சி. நோயின்போது இந்தக் கூட்டுறவு என்னவாகிறது? இதற்கு விடை காண, நூறாண்டு பின்னோக்கிச் சென்று, காலரா என்னும் வாந்திபேதியின் வரலாற்றைப் பார்க்க வேண்டும். 1831-இல் அந்நோய் இங்கிலாந்தை அடைந்தபோது, ஓஷானெஸ்ஸி என்னும் இளம் மருத்துவர் நோயாளிகளின் குருதியைச் சோதித்தார். அதில் நீரும் உப்பும் காரமும் பெரிதும் குறைந்திருந்தன. குறைந்தவை கழிச்சலில் காணப்பட்டன. இழந்ததைத் திரும்பக் கொடுப்பதே மருத்துவம் என்று அவர் எழுதினார். அதைப் படித்த தாமஸ் லாட்டா, 1832-இல் ஸ்காட்லாந்தின் லீத் நகரில், சாகக் கிடந்த ஒரு மூதாட்டியின் சிரையில் உப்புநீரைச் செலுத்தினார். குழிந்த கண்கள் ஒளிபெற்றன, நாடி திரும்பிற்று. ஆனால் கழிச்சல் நிற்கவில்லை. நீரை மறுபடியும் ஏற்றாமையால் சில மணி நேரத்தில் அவர் இறந்தார். லாட்டாவும் மறு ஆண்டே மறைந்தார். அம்முறை மெல்ல மறக்கப்பட்டது.

ஓஷானெஸ்ஸி கல்கத்தாவுக்கு வந்து, அங்குள்ள மருத்துவக் கல்லூரியில் வேதியியல் கற்பித்தார். பின்னர் இந்தியாவின் தந்திக் கம்பிகளை அமைத்தவரும் அவரே. கல்கத்தா, ஆக்ரா, பம்பாய், சென்னை ஆகியவற்றை இணைத்த அந்தத் தந்தி 1855-இல் பொதுமக்களுக்குத் திறக்கப்பட்டு, 2013 ஜூலை வரை நம் நாட்டில் இயங்கிற்று. பிறந்த ஊரின் நல்லதும் கெட்டதும் தந்தியாகவே வந்து சேர்ந்த காலம் வெளிமாநிலத் தமிழர் பலருக்கு நினைவிருக்கும். அந்தக் கம்பிகளை இட்ட கைகளே காலராவின் கணக்கையும் முதலில் போட்டவை என்பது பலரும் அறியாத செய்தி.

காலரா கண்டவரின் உடலில் நடப்பதை நோக்குவோம். கடும் நோயில் மணிக்கு ஒரு லிட்டர் வரை நீர் வெளியேறும். குருதியின் அளவு குறைகிறது. உடனே இருதயம் விரைந்து துடிக்கிறது. தோலின் குழாய்கள் சுருங்குகின்றன. ஆதலால் கைகால்கள் சில்லிடுகின்றன. நாளொன்றுக்கு ஏறத்தாழ 180 லிட்டர் நீரை வடிகட்டி, ஒன்றரை லிட்டர் அளவே வெளிவிடும் சிறுநீரகம், அதையும் நிறுத்திக்கொள்கிறது. காரம் குறைந்து குருதியில் அமிலம் மிகுவதால், நுரையீரல் ஆழ்ந்து மூச்செறிந்து அதை ஈடுசெய்ய முயல்கிறது. நாம் நோயின் குறிகள் என்று காணும் இவற்றுட் பல, உண்மையில் மற்ற உறுப்புகளின் தியாகங்கள். மூளைக்கும் இருதயத்துக்கும் குருதி கிடைக்கும்பொருட்டு ஏனையவை தம் பங்கைத் துறக்கின்றன. நோய் குடலில், போராடுவது முழு உடலும்.

1884-இல் ராபர்ட் காக் கல்கத்தாவில் காலராக் கிருமியை உறுதிப்படுத்தினார். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அந்நகரிலேயே லியோனார்டு ராஜர்ஸ், செறிவு மிகுந்த உப்புநீரைச் சிரைவழி ஏற்றி, இறப்பை ஏறத்தாழப் பாதியாகக் குறைத்தார். எனினும் கிருமி எவ்வாறு இக்கேட்டைச் செய்கிறது என்பது விளங்கவில்லை. குடலின் உட்படலத்தை அது அழித்துவிடுகிறது என்றே பலரும் நம்பினர். அழிந்த குடலுக்கு வாய்வழி நீர் கொடுத்துப் பயன் என்ன?

இப்புதிரை அவிழ்த்தவருள் முதன்மையானவர் கல்கத்தா மருத்துவர் சம்புநாத் தே. முயலின் குடலில் ஒரு துண்டை இருபுறமும் கட்டி, அதனுள் காலராக் கிருமியைச் செலுத்தினால் அங்கே நீர் நிறைவதை 1953-இல் அவர் காட்டினார். 1959-இல், கிருமிகளை அறவே நீக்கிய வடிநீரும் அதையே செய்கிறது என்று நிறுவினார். கேடு செய்வது கிருமி வெளிவிடும் நஞ்சு; அது குடலை அழிப்பதில்லை, நீரை வாரி இறைக்கும்படி குடலை ஏவுகிறது. குடற்படலம் சிதையாமல் இருப்பதைப் பாங்காக்கில் நடந்த ஆய்வுகளும் அக்காலத்திலேயே உறுதிசெய்தன.

1960 ஆகஸ்டில், பிராகா நகரில், ராபர்ட் கிரேன் என்னும் அறிஞர் மற்றொரு திறவுகோலை அளித்தார். சிறுகுடலில் ஒரு வாயில் உண்டு. சோடியம் என்னும் உப்புச்சத்தும் குளுக்கோஸ் என்னும் சர்க்கரையும் கைகோத்து வந்தால் மட்டுமே அது திறக்கும். அவ்விரண்டும் உட்புகுந்தால் நீரும் அவற்றைப் பின்தொடரும். காலராவின் நஞ்சு நீரை வெளியே தள்ளும் வழியைத் திறந்துவிடுகிறதேயன்றி, இந்த உள்வாயிலை மூடுவதில்லை. 1953-இலேயே கல்கத்தா மருத்துவர் ஹேமேந்திரநாத் சட்டர்ஜி, சர்க்கரையும் உப்பும் கலந்த நீரை வாய்வழி கொடுத்து 186 நோயாளிகளுக்கு மருத்துவம் செய்ததாக எழுதியிருந்தார். அளவுகளைக் கொண்டு நிறுவாமையால் அதை உலகம் பொருட்படுத்தவில்லை. 1968-இல் டாக்காவிலும் கல்கத்தாவிலும் நடந்த ஆய்வுகள் அம்முறை பலிப்பதை அளந்து காட்டின. ஆயினும் அதைப் பயிற்சி பெற்ற மருத்துவரின் கண்காணிப்பில்தான் கொடுக்கலாம் என்ற எண்ணம் நிலவிற்று.

கொல்கத்தாவில் வாழும் நேயர்கள் சியால்தாவிலிருந்து பன்காவ் செல்லும் மின்ரயிலில் ஏறினால், ஏறத்தாழ இரண்டு மணி நேரத்தில் அவ்வூரை அடையலாம். 1971-இல் கிழக்குப் பாகிஸ்தானிலிருந்து ஒரு கோடி அளவிலான மக்கள் அகதிகளாக இந்தியாவுக்குள் வந்தபோது, அந்த எல்லையூர் மருத்துவமனையில் காலரா நோயாளிகள் படுக்கை போதாமல் தரையில் கிடந்தனர். அங்கே சென்ற மருத்துவர் திலீப் மகலனாபிஸ், கழிவுகளின் நடுவே மண்டியிட்டு அவர்களின் சிரைகளில் உப்புநீர் ஏற்ற வேண்டியிருந்தது. உப்புநீர்ப் புட்டிகளோ விரைவாகத் தீர்ந்துகொண்டிருந்தன. ஏற்றத் தெரிந்தவர்களும் சிலரே.

மகலனாபிஸ் ஒரு துணிந்த முடிவுக்கு வந்தார். ஒரு லிட்டர் நீருக்கு 22 கிராம் குளுக்கோஸ், மூன்றரை கிராம் சமையல் உப்பு, இரண்டரை கிராம் சோடா உப்பு என்று அளந்து பொட்டலங்கள் கட்டச் செய்தார். அவற்றைப் பெரிய கலங்களில் நீரோடு கலந்து வைத்து, நோயாளிகளின் உறவினரையே மொண்டு புகட்டச் சொன்னார். தாயும் தங்கையும் கணவனும் மருத்துவராயினர். முகாம்களில் முப்பது விழுக்காடு வரை இருந்த இறப்பு, வாய்வழி நீர் பெற்ற 3,700-க்கும் மேற்பட்ட நோயாளிகளிடையே 3.6 விழுக்காடாகக் குறைந்தது. உலக சுகாதார நிறுவனம் பின்னர் இம்முறையை ஏற்று உலகெங்கும் பரப்பிற்று. பல கோடிக் குழந்தைகள் பிழைத்தனர். 2022-இல் மறைந்த மகலனாபிஸுக்கு, 2023-இல் பத்ம விபூஷண் விருது வழங்கி நாடு சிறப்புச் செய்தது.

இன்று மருந்துக் கடைகளில் கிடைக்கும் ஓ.ஆர்.எஸ். பொட்டலம், அந்தப் பன்காவ்ப் பொட்டலத்தின் வழித்தோன்றலே. அது கிடைக்காத இடத்தில், கொதித்தாறிய ஒரு லிட்டர் நீரில், தலைதட்டிய ஆறு தேக்கரண்டி சர்க்கரையும் அரைத் தேக்கரண்டி உப்பும் கலந்து, சிறிது சிறிதாகப் புகட்டலாம். உப்பு மிகுந்துவிடலாகாது, நோய் கடுமையானால் மருத்துவரை நாடுவதில் தாமதமும் கூடாது. நம் வீடுகளில் நோயாளிக்குக் கொடுக்கும் உப்பிட்ட அரிசிக் கஞ்சியின் மாவுச்சத்தும் குடலில் குளுக்கோசாகிறது. அரிசியைக் கொண்டு செய்த இத்தகைய நீர், காலராவில் நன்கு பயன்தருவதை ஆய்வுகள் காட்டியுள்ளன.

அரசன் யார் என்ற பழைய வினாவுக்கு இப்போது விடை கூறலாம். கல்லீரல் களஞ்சியம், இருதயம் சுமையாள், நரம்பும் இயக்குநீரும் தூதர், சிறுநீரகம் கணக்கர். அரியணையோ காலியாகவே இருக்கிறது. ஒன்று தளர்ந்தால் மற்றவை தம் பங்கைக் குறைத்துக்கொண்டு அதைத் தாங்குகின்றன; அவ்வாறு தாங்கும் வலிமை தீருமுன் நாம் உதவ வேண்டும் என்பதே மருத்துவம். பன்காவ் முகாமில் ஒரு தாய் தன் குழந்தையின் வாயில் அந்த நீரை ஊற்றியபோது, குடலின் வாயில் திறந்தது, குருதி நிறைந்தது, இருதயம் நிதானமடைந்தது, தோலில் வெம்மை திரும்பிற்று. நெடுநேரம் அடைபட்டிருந்த சிறுநீரகம் மீண்டும் தன் வேலையைத் தொடங்கிற்று. நனைந்த துணியைக் கண்டு அந்தத் தாய் மகிழ்ந்திருப்பாள். உறுப்புகள் அனைத்தும் தத்தம் பணிக்குத் திரும்பிவிட்டன என்பதற்கு அதனினும் நல்ல அறிகுறி வேறில்லை.